‘ஆரவ்’ என்றால் அமைதியாம்! பிள்ளைப் பெயருக்குப் பொய்ப் பொருள் விற்கிறார்கள்



ஒரு நிமிஷம் செலவு பண்ணுங்க. போனை எடுத்து ‘ஆரவ்’ என்ற பெயருக்கு என்ன பொருள் என்று தேடிப் பாருங்க. குழந்தைப் பெயர் வெப்சைட்டுகள் வரிசை கட்டி நிற்கும். ‘அமைதியானவன்’ என்று ஒன்று சொல்லும். ‘சாந்தமானவன்’ என்று இன்னொன்று. பக்கத்திலேயே சிரிக்கிற குழந்தைப் படம், ராசி, அதிர்ஷ்ட எண், அதிர்ஷ்ட நிறம்.

இப்போது ஓர் அகராதியைத் திறங்க. மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத அகராதி, 1899-ல் வந்த பதிப்பு, இணையத்தில் காசில்லாமல் கிடைக்கிறது. அதில் ‘ஆரவ’ என்ற சொல்லுக்கு என்ன போட்டிருக்கிறது? ஓசை. கூச்சல். இரைச்சல். சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியிலும் ‘ஆரவம்’ என்றால் ஒலிதான். அகராதியே வேண்டாம், ‘ஆரவாரம்’ என்று வாய்விட்டுச் சொல்லிப் பாருங்க. நம்ம பொதுக்கூட்டத்தில் தலைவர் மேடை ஏறும்போது எழுமே, அதற்குப் பெயர் அமைதியா?

அந்தப் பெயர் வைத்த பெற்றோரையோ, அந்தப் பெயரோடு வளர்கிற பிள்ளையையோ ஒரு சொல் குறை சொல்ல மாட்டோம். அவர்கள் ஏமாற்றப்பட்டவர்கள். பிள்ளைக்கு நல்ல பொருளுள்ள பெயர் வேண்டும் என்று தேடித்தான் போனார்கள். ‘அமைதி’ என்று விலைச்சீட்டு ஒட்டி இரைச்சலைக் கொடுத்து அனுப்பினவன்தான் குற்றவாளி. அவனைத்தான் கேட்கிறோம்.

இந்தப் பட்டியல்கள் எப்படித் தயாராகின்றன என்று கொஞ்சம் யோசிங்க. ஒருத்தன் ஒரு பெயரைப் போடுகிறான். பக்கத்தில் ‘மூலம்’ என்று ஒரு கட்டம், ‘பொருள்’ என்று ஒரு கட்டம். கட்டம் காலியாக இருந்தால் யாரும் படிக்க மாட்டார்கள், விளம்பரம் ஓடாது. எதையாவது நிரப்ப வேண்டும். ‘தனித்துவமானவன்’, ‘ஒளி’, ‘கடவுளின் அருள்’, ‘லட்சுமி’, ‘விஷ்ணுவின் அம்சம்’. இந்த ஐந்தாறு சொல்லை மாற்றி மாற்றிப் போட்டால் ஆயிரம் பெயருக்கு வந்துவிடும். அடுத்தவன் அதைப் பார்த்துக் காப்பி அடிக்கிறான். பத்துப் பேர் ஒரே பொய்யைச் சொன்னதும் அது ஆதாரம் ஆகிவிடுகிறது. இப்போது செயற்கை நுண்ணறிவுச் செயலியிடம் கேட்டாலும் அதே பட்டியலைப் பளபளப்பான தமிழில் திருப்பிச் சொல்கிறது.

‘அத்விக்’ என்றால் ‘ஒப்பில்லாதவன்’ என்கிறார்கள். ஒப்பில்லாததைக் குறிக்கும் சமஸ்கிருதச் சொல் ‘அத்விதீய’. அதில் பாதியை வெட்டி ஒரு வாலை ஒட்டினால் அதற்கும் அதே பொருள் வந்துவிடுமா? ‘ரியான்ஷ்’ என்பதில் கடைசியில் இருப்பது ‘அம்சம்’ என்ற சொல்லின் இந்தி உச்சரிப்பு. முன்னால் நிற்கிற ‘ரி’க்கு ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள். ‘கியான்’ பாரசீகத்தில் அரச மரபைக் குறிக்கும். அதே ஓசையில் அயர்லாந்துக்காரர்களுக்கு ஒரு பெயர் உண்டு, அதற்குப் பொருள் ‘பழமை’. நம்ம ஊர்ப் பட்டியலில் அது ‘கடவுளின் அருள்’ ஆகிவிட்டது. ‘தன்யா’ என்று தமிழில் எழுதினால் பேறு பெற்றவள் என்ற சமஸ்கிருதச் சொல்லா, தத்தியானா என்ற ரஷ்யப் பெயரின் செல்லச் சுருக்கமா என்று எழுத்தை வைத்துச் சொல்லவே முடியாது. வைக்கிறவர்களுக்காவது தெரிந்திருக்க வேண்டாமா?

இதை ஏன் ஒரு கட்சி பேச வேண்டும், அதுவும் செங்கல்பட்டில் நின்றுகொண்டு ஏன் பேச வேண்டும் என்று கேட்பவர்களுக்கு ஒரு தேதி சொல்கிறோம். 1929 பிப்ரவரி 17, 18. முதலாவது மாகாண சுயமரியாதை மாநாடு நடந்தது இதே செங்கல்பட்டில்தான். தலைமை தாங்கியவர் டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன். பெண்ணுக்குச் சொத்துரிமை வேண்டும் என்று தீர்மானம் போட்ட அதே மேடையில், பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட்டுவிட வேண்டும் என்றும் தீர்மானம் போட்டார்கள். இன்றைக்குத் தமிழ்நாட்டில் ஒரு பையன் தன் பெயரைச் சொன்னால் பின்னாடி சாதி வால் ஆடுவதில்லை. இந்தியாவில் வேறு எத்தனை மாநிலத்துக்கு இந்தப் பெருமை உண்டு?

அந்தத் தீர்மானத்துக்கு முன்னால் என்ன நிலைமை? சேரியில் பிறந்த பிள்ளைக்கு நல்ல பெயர் வைத்தால் ஊருக்குள் முறைப்பார்கள். வைத்த பெயரையும் முழுசாகச் சொல்ல மாட்டார்கள், ஒடித்து, ‘டேய்’ சேர்த்துத்தான் கூப்பிடுவார்கள். வயசான பெரியவரைப் பொடியன் பெயர் சொல்லி அழைப்பான். மதுராந்தகம் பக்கத்தில் கோழியாளத்தில் 1859-ல் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் இந்த மண்ணின் பிள்ளைதான். பெயர் என்பது இங்கே மானப் பிரச்சினையாக இருந்தது. அந்தப் போராட்டத்தில் வந்த உரிமையைக் கொண்டுபோய் முகம் தெரியாத வெப்சைட்காரன் கையில் கொடுத்துவிட்டு நிற்கிறோம். நமக்குச் சுடுவது இதுதான்.

மறைமலை நகர் வழியாக தினமும் ரயிலில் போகிறோமே, அந்த ஊர் யார் பெயரில் இருக்கிறது? சுவாமி வேதாசலம் என்று இருந்தவர், 1916-ல் தனித்தமிழ் இயக்கம் தொடங்கிய பிறகு மறைமலை அடிகள் ஆனார். வாழ்ந்தது நம்ம மாவட்டத்துப் பல்லாவரத்தில். அவர் பெயரை மாற்றிய விதத்தைப் பாருங்க. வேதம் என்றால் மறை. அசலம் என்றால் மலை. சுவாமி என்றால் அடிகள். ஒவ்வொரு துண்டுக்கும் பொருள் தெரிந்து, அதற்கு நேரான தமிழைத் தேடி வைத்தார். வடமொழியை நன்றாகப் படித்தவர் என்பதால்தான் அது முடிந்தது. வடமொழி தெரியாமலே வடமொழிப் பெயர் வைப்பதும், தமிழ் தெரியாமலே தமிழ்ப்பெயர் என்று சொல்வதும் இன்றைக்கு நடக்கிற கூத்து.

இன்னொரு கூத்து ‘நட்சத்திர எழுத்து’. 27 நட்சத்திரம், ஒவ்வொன்றுக்கும் நாலு பாதம், ஆக 108 எழுத்து. பிள்ளை பிறந்த பாதத்துக்கு எந்த எழுத்து வருகிறதோ அதில்தான் பெயர் தொடங்க வேண்டுமாம். சரி, பரணியில் பிறந்த பிள்ளைக்கு என்ன எழுத்து? லி, லு, லே, லோ. நாலும் லகரம். தமிழில் ஒரு சொல்கூட லகரத்தில் தொடங்காது! தொல்காப்பியம் மொழிக்கு முதலில் வரும் எழுத்துகளைக் கணக்குப் போட்டு வைத்திருக்கிறது. ர, ல இரண்டும் அதில் இல்லை. அதனால்தான் ராமன் நமக்கு இராமன் ஆனான், லட்சுமணன் இலக்குவன் ஆனான், ரங்கன் அரங்கன் ஆனான். சுவாதிக்கு ரு, ரே, ரோ, த. நாலில் மூணு போச்சு. திருவாதிரைக்கு வரும் எழுத்தில் ‘ங’ வேறு இருக்கிறது. ‘ங’வில் ஒரு பெயர் சொல்லுங்க பார்ப்போம், ஜோசியரே! அப்படியென்றால் இந்த அட்டவணை யாருடைய மொழிக்குப் போட்டது? பரணியில் பிறந்த தமிழ்ப் பிள்ளை தமிழ்ப்பெயர் வைத்துக்கொள்ளவே கூடாது என்று ஒரு தாள் சொல்கிறது. அந்தத் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு ‘லி’யில் பெயர் தேடி அலைகிறோம். தேடினால் அகப்படுவது லித்விக், லிஷாந்த். அதற்குப் பொருள் சொல்ல வெப்சைட் தயாராக இருக்கிறது.

எண் கணிதம் இதற்கு மேல். தமிழ்நாட்டுப் பிள்ளையின் பெயரை ஆங்கில எழுத்தில் எழுதி, ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் எண் கொடுத்து, கூட்டிப் பார்த்து, சரியாக வராவிட்டால் இன்னொரு ‘ஏ’, இன்னொரு ‘ஹெச்’ சேர்க்கிறார்கள். அதே பெயரைத் தமிழில் எழுதினால் அந்தக் கூட்டல் என்ன ஆகும் என்று யாராவது கேட்டதுண்டா? பள்ளி, அரசு ஆவணங்களில் தலைப்பெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று 2021 டிசம்பரில் தமிழ்நாடு அரசு ஆணை போட்டது. முதலெழுத்துக்குத் தமிழ் வந்துவிட்டது. முழுப்பெயரின் விதி மட்டும் ஆங்கில எழுத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறது.

பெயரைச் சரிபார்க்காமல் விட்டால் என்ன ஆகும் என்று தெரிய நாம் வெகுதூரம் போக வேண்டாம். கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஏறினால் போதும்.

மாமல்லபுரம். மாமல்லன் என்பது முதலாம் நரசிம்மவர்மப் பல்லவனின் பட்டப்பெயர். ஆழ்வார்கள் பாடிய பெயர் கடல்மல்லை. இடையில் ‘மகாபலிபுரம்’ என்று ஒரு பெயர் புகுந்தது, கூடவே மகாபலிச் சக்கரவர்த்தி கதையும் புகுந்தது. ஐரோப்பிய மாலுமிகள் ‘ஏழு பகோடா’ என்றார்கள். 1984-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது எந்தப் பெயரில் சேர்த்தது தெரியுமா? மகாபலிபுரம் என்றுதான். இன்றும் பட்டியலில் அதுதான்.

உள்ளே போனால் இன்னும் வேடிக்கை. ஐந்து ரதம். தர்மராஜா ரதம், பீமன் ரதம், அர்ச்சுனன் ரதம், திரௌபதி ரதம், நகுல சகாதேவ ரதம். பாண்டவர்களுக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. திரௌபதி ரதம் என்று சொல்லும் கோயிலுக்குள் நிற்பது கொற்றவை. தர்மராஜா ரதத்தின் கல்லிலேயே ‘அத்யந்தகாம பல்லவேஸ்வர கிருகம்’ என்று வெட்டி வைத்திருக்கிறான் பல்லவன். கல்லில் பெயர் இருக்கிறது, படிக்க ஆளில்லை. அதனால் கதை சொன்னவன் பெயர் நின்றுவிட்டது. இன்றைக்குப் பள்ளிக்கூடச் சுற்றுலா வருகிற பிள்ளைகளும் பஞ்சபாண்டவர் கட்டினது என்று நினைத்துத்தான் திரும்பிப் போகிறார்கள்.

மாவட்டத் தலைநகரத்தின் கதையும் அதேதான். செங்கல்பட்டு என்றால் செங்கல் சூளை இருந்த ஊர் என்று நம்மில் பாதிப் பேர் நினைக்கிறோம். செங்கழுநீர்ப் பூ பூத்துக் கிடந்த நீர்நிலைகளால் செங்கழுநீர்ப்பட்டு. அது தேய்ந்து வந்ததுதான் இன்றைய பெயர். பூவைக் கல்லாக்கிவிட்டோம். 2020 ஜூனில் 1,018 ஊர்ப் பெயர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டலை மாற்றி ஓர் அரசாணை வந்து, எழுத்துக்கூட்டல் சரியில்லை என்று எல்லாரும் பிடித்துக்கொள்ள, சில நாளிலேயே திரும்பப் பெற்றார்களே, ஞாபகம் இருக்கிறதா? ஊர்ப் பெயர் தப்பாக எழுதினால் கோபம் வருகிறது. பிள்ளைப் பெயருக்கு வர வேண்டாமா?

இங்கே நம்ம தோழர்களையும் கொஞ்சம் உரசித்தான் ஆக வேண்டும். கோபித்துக்கொள்ளாதீங்க. ‘தூய தமிழ்ப் பெயர்கள் 5000’ என்று வாட்ஸ்அப்பில் சுற்றுகிற பட்டியல்களிலும் பொய் இருக்கிறது. யாழ் சங்க இலக்கியத்தில் உண்டு. ‘யாழினி’ என்ற ஆள்பெயர் நம் காலத்தில் ஆக்கியது. அழகான ஆக்கம்தான், வைக்கலாம், ஆனால் ‘சங்க காலப் பெண்பாற் புலவர்’ என்று யாராவது கதை கட்டினால் நம்பாதீங்க. மாமல்லன் என்று மகனுக்குப் பெயர் வைத்துவிட்டுத் தனித்தமிழ் என்று மார் தட்டுகிறவர்கள் இந்தக் கடற்கரையில் நிறைய. பல்லவன் அந்தப் பட்டத்தைக் கிரந்த எழுத்தில் வடமொழியாக வெட்டினவன், ‘மகாமல்ல’ என்பதுதான் மாமல்லன் ஆனது. வைக்காதே என்று சொல்லவில்லை, நம்ம ஊர்ப் பெயர், தாராளமாக வைங்க. ஆனால் தெரிந்து வைங்க. வெப்சைட்காரன் செய்வதையே நாமும் தமிழின் பேரால் செய்தால் அவனைக் கேட்க நமக்கு வாய் இருக்காது.

பொய் சொல்ல வேண்டிய அவசியமே நமக்கு இல்லையே! கீழடிப் பானை ஓட்டில் ‘குவிரன் ஆதன்’ என்று கீறியிருக்கிறது. இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தைய ஒரு மனிதனின் பெயர். ஆதன் என்ற பெயரை இன்றைக்கு வைத்தால் பழசாகவா இருக்கிறது? சங்கப் புலவர்களில் நன்முல்லையார் இருக்கிறார், பொன்முடியார் இருக்கிறார், வெள்ளிவீதியார் இருக்கிறார். வள்ளல்களில் பாரி, ஓரி, காரி, நள்ளி. இரண்டு மூன்று எழுத்துதான், கூப்பிட எவ்வளவு சுலபம்! தொண்டை நாட்டை ஆண்டவன் தொண்டைமான் இளந்திரையன். திரை என்றால் அலை. கோவளத்திலிருந்து சதுரங்கப்பட்டினம் வரை கடலைப் பார்த்தே வளர்கிற பிள்ளைக்கு இதைவிடப் பொருத்தமாக எந்த வெப்சைட் பெயர் தரும்?

உடனே ஒரு கேள்வி வரும். “நீங்க மட்டும் ரஷ்யா, மாஸ்கோ, லெனின், ஸ்டாலின் என்றெல்லாம் வைக்கலையா?” வைத்தோம். தமிழ்நாட்டில் அப்படி ஒரு காலம் இருந்தது. வைத்தவர்களைக் கேட்டால் ஏன் வைத்தோம் என்று நெஞ்சை நிமிர்த்திச் சொன்னார்கள். மாஸ்கோ என்பது பழந்தமிழ்ச் சொல் என்று யாரும் புளுகவில்லை.

கோவளத்தில் தர்காவும் இருக்கிறது, மாதா கோயிலும் இருக்கிறது. அங்கே அரபுப் பெயர், எபிரேயப் பெயர் வைக்கிற குடும்பங்களுக்கு அந்தப் பெயர் எந்த மொழி, யாருடைய பெயர், என்ன பொருள் என்று தெரியும். வீட்டுப் பெரியவர் சொல்லிக் கொடுத்திருப்பார். வடமொழிப் பெயரை விரும்பித் தெரிந்து வைக்கிறவர்களோடும் நமக்குச் சண்டை இல்லை. உங்கள் பிள்ளை, உங்கள் உரிமை. ஆனால் நீங்கள் ‘அமைதி’ என்று நினைத்து இரைச்சலை வாங்கிக்கொண்டு வந்தால், அது உங்கள் விருப்பம் இல்லையே, அது உங்களை ஏமாற்றியது.

சரி, எப்படிச் சரிபார்ப்பது? பெரிய படிப்பெல்லாம் வேண்டாம். பெயரைத் தேடாதீங்க, பெயருக்குள் இருக்கிற சொல்லை அகராதியில் தேடுங்க. தமிழ் என்றால் சென்னைப் பல்கலைக்கழகப் பேரகராதி இருக்கிறது. 1974-ல் பாவாணரை இயக்குநராக வைத்துத் தொடங்கி, அவர் மறைந்து முப்பது வருஷம் கழித்து 2011-ல் முடிந்த செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் பேரகரமுதலி இருக்கிறது, 12 மடலம், 31 பகுதி. பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி இருக்கிறது. இவை எல்லா இடத்திலும் ஒத்துப்போகா. ஒரு சொல் தமிழா வடசொல்லா என்பதில் அறிஞர்களுக்குள் அடிதடியே உண்டு. இரண்டையும் பாருங்க, பிறகு முடிவெடுங்க. ‘இந்தச் சொல் எங்கே வருகிறது? எந்த நூலில், எந்தக் கல்வெட்டில்?’ என்ற ஒரே கேள்வியைக் கேளுங்க. பட்டியல் போடுகிறவன் பாதிப் பேர் அதிலேயே ஓடிப்போவான்.

அவசரமும் வேண்டாம். ஆஸ்பத்திரிப் படுக்கையிலேயே பெயர் சொல்லியாக வேண்டும் என்று பல தாய்மார்கள் நினைத்துக்கொள்கிறார்கள். பிறப்பைத்தான் 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயர் இல்லாமலே பதியலாம். 12 மாதத்துக்குள் கட்டணம் இல்லாமல் பெயரைச் சேர்த்துக்கொள்ளலாம். அதற்குப் பிறகும் 15 வருஷம் வரை தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். ஆனால் ஒருமுறை ஏறிய பெயரை மாற்றுவது லேசு இல்லை. 2023 அக்டோபர் 1 முதல் பிறக்கிற பிள்ளைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை முதல் பாஸ்போர்ட் வரை பிறந்த தேதிக்குப் பிறப்புச் சான்றிதழ்தான் ஒரே ஆவணம். அதில் இருக்கிற பெயர்தான் கூடவே வரும். ஒரு வருஷம் கையில் இருக்கிறது. ஒரு சொல்லைத் தேட ஒரு சாயங்காலம் போதாதா?

அரசுக்கும் ஒரு கோரிக்கை. அகரமுதலி இயக்ககம் அரசிடமே இருக்கிறது, அறிஞர்கள் இருக்கிறார்கள். சொல், பொருள், வருகிற இடம் மூன்றையும் போட்டு, சான்று உள்ள பெயர்களை மட்டும் சேர்த்து ஒரு சிறு கையேடு அச்சடியுங்கள். செங்கல்பட்டு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலிருந்து கடற்கரைக் குப்பத்து ஆரம்ப சுகாதார நிலையம் வரை, பிள்ளை பெற்ற ஒவ்வொரு தாயின் கையிலும் அதைக் கொடுங்கள். புதிதாக ஆக்கிய பெயர் என்றால் ‘புதிது’ என்றே போடுங்கள். வடசொல் என்றால் ‘வடசொல்’ என்று போடுங்கள். சண்டை இருக்கிற சொல் என்றால் ‘சண்டை இருக்கிறது’ என்று போடுங்கள், நம்ம மக்களுக்குப் புரியும்.

அதுவரை நம்ம கிளைத் தோழர்கள் சும்மா இருக்க வேண்டாம். தெருவில் யார் வீட்டிலாவது பிள்ளை பிறந்திருக்கிறதா? வாழ்த்துச் சொல்லப் போகும்போது, வைக்கப்போகிற பெயரைக் கேளுங்க, அங்கேயே உட்கார்ந்து போனில் அகராதியைத் திறந்து அவர்களுக்கே காட்டுங்க. உங்கள் பிள்ளையின் பெயரையும் அதற்கு வெப்சைட் சொன்ன பொருளையும் கமெண்ட்டில் போடுங்க. அகராதி என்ன சொல்கிறது என்று நாங்களும் பார்த்துச் சொல்கிறோம்.

#உங்க_பிள்ளை_பேருக்கு_என்ன_பொருள்